சிறையறையும் நீதியாசனமும்

யாழ்ப்பாணக் குடாநாட்டிலே செம்மண் தோட்டங்களுக்குப் பெயர்பெற்ற திருநெல்வேலியிலும், அதனை அடுத்துள்ள கோண்டாவில், உரும்பிராய் முதலிய ஊர்களிலும் முன்னைய தலைமுறையிற் பல பெற்றோருக்கு ஒரே ஆசை இருந்தது. புகையிலையும் வெங்காயமும் விற்று மிச்சம்பிடித்த பணத்தைக்கொண்டு ஒரு மகனையாவது சட்டம் படிப்பித்து, அப்புக்காத்தாகவோ பிரக்கிராசியாராகவோ ஆக்கிவிட வேண்டும் என்பதே அது. அவ்வாசைக்குக் காரணமும் உண்டு. வேலி எல்லைக்கும் கிணற்றுப் பங்குக்கும் வழக்காடிக் களைத்த குடியானவருக்குச் சட்டம் தெரிந்தவனே வல்லவனாகத் தோன்றினான். படித்துப் பட்டம் பெற்று வந்த மகன் எவருக்காக வழக்காடினான் என்ற கேள்வியை மட்டும் பெரும்பாலோர் எழுப்பவில்லை. கட்டணம் தரக்கூடியவருக்காக என்பதே அந்நாளிற் போதிய விடையாயிருந்தது.

அக்கேள்வியைத் தொழிலின் தொடக்கத்திலேயே எதிர்கொண்டவர், பிற்காலத்தில் இந்தியாவின் உச்ச நீதிமன்ற நீதியரசராக விளங்கிய வி. ஆர். கிருஷ்ணையர். இந்தியாவில் உச்ச நீதிமன்றம் என்று வழங்குவதையே இலங்கையில் உயர் நீதிமன்றம் என்கிறோம். இந்தியாவின் உயர் நீதிமன்றங்களோ மாநிலங்களுக்குரியவை. இப்பெயர் வேறுபாட்டை மனத்திற் கொண்டால் இனி வருவன தெளிவாகும்.

கிருஷ்ணையர் 1915ஆம் ஆண்டு நவம்பர் மாதம் பாலக்காட்டை அடுத்த வைத்தியநாதபுரத்திற் பிறந்தார். பாலக்காடு அந்நாளிற் சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அங்கே பல தலைமுறைகளுக்கு முன்னரே குடியேறி, அக்கிரகாரங்களில் வாழ்ந்த தமிழ் அந்தணர் குடிகளுள் ஒன்று அவருடையது. தந்தையார் இராமையர் கொயிலாண்டியில் வழக்கறிஞராயிருந்தவர். மகன் தலைச்சேரியிலே பாசல் மிசன் பாடசாலையிலும், பாலக்காட்டு விக்டோரியாக் கல்லூரியிலும், சிதம்பரத்து அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும் பயின்றபின் சென்னைச் சட்டக் கல்லூரியிற் சேர்ந்தார். அண்ணாமலைப் பல்கலைக்கழகம் விபுலாநந்த அடிகள் தமிழ்ப் பேராசிரியராய் அமர்ந்த இடமாதலால் ஈழத்தவருக்கு அந்நியமன்று.

1930களின் இறுதியில் அவர் தலைச்சேரியிலே வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கினார். அக்காலத்து வட மலபார் அமைதியான பிரதேசமன்று. நிலவுடைமையாளரான சன்மிகளுக்கும் குத்தகைக் குடியானவருக்கும் இடையே கடும் பகை மூண்டிருந்தது. குடியானவர் சங்கங்கள் பெருகின. பொதுவுடைமைக் கட்சி வேரூன்றியது. பொலிசாரின் அடக்குமுறையும் அதற்கேற்ப வளர்ந்தது. சிறையிலடைக்கப்பட்ட விவசாயிகளுக்கும் தொழிலாளருக்கும் வழக்குப் பேச ஆள் வேண்டியிருந்தது. நல்ல குடும்பத்து இளம் வழக்கறிஞர் அவர்கள் பக்கம் போவது தொழிலுக்கு நன்றன்று என்று உறவினர் எண்ணியிருத்தல் கூடும். அவர் போனார். போய்ப் பழகியபின் அங்கேயே நின்றுவிட்டார்.

இதற்கான பலன் 1948இற் கிடைத்தது. விசாரணையின்போது பொலிசார் செய்யும் சித்திரவதையைக் கண்டித்தமைக்காக, பொதுவுடைமையாளருக்குச் சட்ட உதவி செய்தார் என்ற குற்றச்சாட்டைச் சுமத்தி, ஏறத்தாழ ஒரு மாதகாலம் அவரை மறியலில் வைத்தனர். நாடு சுதந்திரமடைந்த மறு ஆண்டிலே நடந்தது இது. ஒரு மாதம் நீண்ட காலமன்று. ஆயினும் கைதியின் தட்டில் விழும் உணவு எத்தகையது, காவலனின் குரல் இரவில் எவ்வாறு ஒலிக்கும், வெளியிலிருந்து வரும் ஒரு கடிதத்துக்கு என்ன பெறுமதி என்பனவற்றை அவர் நேரிற் கண்டார். இந்திய உச்ச நீதிமன்றத்தில் அமர்ந்தோருள் இக்கல்வியைப் பெற்றவர் மிகச் சிலரே.

1952இற் கூத்துப்பறம்புத் தொகுதியிலிருந்து அவர் சென்னைச் சட்டசபைக்குச் சென்றார். 1956 நவம்பரில் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது மலபார் கேரளத்தோடு இணைந்தது. 1957இல் நடந்த தேர்தலில், தலைச்சேரியில், பொதுவுடைமைக் கட்சியின் ஆதரவோடு சுயேச்சையாக நின்று வென்றார். இ. எம். எஸ். நம்பூதிரிப்பாடு அமைத்த பதினொருவர் கொண்ட அமைச்சரவையில் அவருக்கும் இடம் கிடைத்தது. வாக்குச்சீட்டின் வழியாக ஆட்சிக்கு வந்த பொதுவுடைமை அரசு என்று உலகமே வியந்து நோக்கிய அரசு அது. அக்காலத்தில் அத்தகைய காற்று பாக்குநீரிணைக்கு இப்பாலும் வீசாமலில்லை. முதலாண்டு, 1956இலே, பருத்தித்துறைத் தொகுதி பொன்னம்பலம் கந்தையா என்னும் பொதுவுடைமைவாதியை இலங்கைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியிருந்தது. வடமராட்சியின் முதியோர் அத்தேர்தலை நெடுநாள் பேசினர்.

கிருஷ்ணையர் கட்சி உறுப்பினரல்லர் என்பது குறித்துக்கொள்ளத் தக்கது. அவர் இடதுசாரி, கட்சிக்காரரல்லர். சட்டம், மின்சாரம், நீர்ப்பாசனம் ஆகியவற்றோடு சிறைச்சாலைத் துறையும் அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. ஒன்பது ஆண்டுகளுக்கு முன் சிறையிற் கிடந்தவர் சிறைகளுக்கே அமைச்சரானார். அவ்வமைச்சரவை கொண்டுவந்த நிலச்சீர்திருத்த மசோதாவும், யோசேப்பு முண்டசேரியின் கல்வி மசோதாவும் பெரும் எதிர்ப்பைக் கிளப்பின. தெருப் போராட்டங்கள் மூண்டன. 1959 யூலை 31ஆம் நாள் மத்திய அரசு அவ்வாட்சியைக் கலைத்தது. நேருவின் நீண்ட ஆட்சியில், அவரைப் போற்றுவோருங்கூட நியாயப்படுத்தத் தயங்கும் செயல்களுள் அது ஒன்று. கிருஷ்ணையர் மீண்டும் கறுப்பு அங்கியை அணிந்தார்.

1968இல் அவர் கேரள உயர் நீதிமன்ற நீதியரசரானார். 1971 முதல் இந்தியச் சட்ட ஆணைக்குழுவில் அங்கம் வகித்தார். 1973 யூலையில் உச்ச நீதிமன்றத்துக்கு நியமனம் பெற்றபோது எழுந்த எதிர்ப்பு சிறிதன்று. அதற்கு மூன்று மாதங்களுக்கு முன்னரே, மூத்த நீதியரசர் மூவரைத் தாண்டி ஏ. என். ரேயை அரசாங்கம் பிரதம நீதியரசராக்கியிருந்தது. அரசின் கொள்கைக்கு இசைந்தவர்களையே நீதிபதிகளாக்க முயல்கிறார்கள் என்ற ஐயம் நாடெங்கும் பரவியிருந்த வேளை. முன்னாள் அமைச்சர், அதுவும் பொதுவுடைமை அரசின் அமைச்சர், அவ்வாசனத்தில் அமர்வதா என்று பம்பாய் வழக்கறிஞர் சிலர் வெளிப்படையாகவே எதிர்த்தனர். அவர்களுள் ஒருவரான சோலி சொராப்ஜி, தமது மதிப்பீடு பிழை என்பதைப் பிற்காலத்தில் ஒப்புக்கொண்டார்.

எதிர்த்தோரின் அச்சம் அற்பமானதென்று தள்ளிவிடுதல் ஆகாது. தராசின் ஒரு தட்டிலே முன்கூட்டியே நிறை ஒன்று கிடந்தால் அத்தராசை எவர் நம்புவர்? நில உடைமையாளனும் கூலியாளும் ஒரே மன்றில் நிற்கும்போது, கூலியாளுக்காக வாழ்நாள் முழுவதும் பேசிய ஒருவர் தீர்ப்புக் கூறுதல் முறையாகுமா? இக்கேள்வி அவரை உச்ச நீதிமன்றத்தில் இருந்த ஏழாண்டுகளும் தொடர்ந்தது. இதற்கு விடை சொல்ல வேண்டிய நாள் 1975 யூனிலே வந்தது. வந்த வழக்கு ஏழைக்கும் செல்வனுக்கும் இடையிலானதன்று, நாட்டின் பிரதமரைப் பற்றியது.

அவ்வாண்டு யூன் 12ஆம் நாள், அலகாபாத் உயர் நீதிமன்றத்து நீதியரசர் ஜக்மோகன்லால் சின்கா, இந்திரா காந்தி அம்மையார் 1971இல் ராய்பரேலியிற் பெற்ற வெற்றி செல்லாதென்றும், ஆறாண்டுகளுக்கு அவர் தேர்தற் பதவி வகித்தலாகாதென்றும் தீர்ப்பளித்தார். உச்ச நீதிமன்றம் கோடை விடுமுறையில் இருந்தது. விடுமுறைக்கால நீதியரசராய்த் தனித்திருந்தவர் கிருஷ்ணையர். சட்ட அமைச்சர் எச். ஆர். கோகலே தொலைபேசியில் அழைத்து, நேரிற் சந்திக்க விரும்புவதாகக் கூறினார். காரியம் யாதென்று வினவிய நீதியரசர், அது மேன்முறையீடு பற்றியது என்று அறிந்ததும், சந்திப்புக்கு அவசியமில்லை, மனுவை நீதிமன்றப் பதிவாளரிடம் ஒப்படைத்தாற் போதும் என்று மறுத்துவிட்டார். இதனைப் பின்னர் அவரே எடுத்துரைத்துள்ளார். இருவரும் வழக்கறிஞர் உலகில் அறிமுகமானவர்கள். ஒரு தேநீர் அருந்திப் போவதை எவரும் அறிந்திருக்கமாட்டார். அந்தத் தேநீரை அவர் மறுத்தமையே அவ்வழக்கின் முதற்பாதி எனலாம்.

மனு வந்தது. பிரதமருக்காக நானி பல்கிவாலாவும், எதிர்மனுதாரர் ராஜ் நாராயணுக்காக சாந்தி பூசணும் தோன்றி வாதிட்டனர். நிபந்தனை எதுவுமற்ற முழுத் தடையுத்தரவு வேண்டும் என்பது பல்கிவாலாவின் கோரிக்கை. தடையே கூடாது என்பது பூசணின் வாதம். யூன் 24ஆம் நாள் வெளிவந்த உத்தரவு இருவரையும் திருப்திப்படுத்தவில்லை. அம்மையார் பிரதமராகத் தொடரலாம்; அவ்வகையிற் பாராளுமன்றத்தின் இரு சபைகளிலும் சமூகமளிக்கலாம், பேசலாம். ஆயின் உறுப்பினராக வாக்களித்தலாகாது. உறுப்பினருக்குரிய வேதனத்தைப் பெறலாகாது. தேர்தல் மேன்முறையீடுகளிலே சாதாரண உறுப்பினருக்கு வழக்கமாக விதிக்கப்பட்டுவந்த நிபந்தனைகள் இவை. பிரதமர் என்பதற்காக அவற்றைத் தளர்த்தவுமில்லை, பிரதமர் என்பதற்காக இறுக்கவுமில்லை.

மறுநாள், யூன் 25 இரவு, அவசரகாலநிலை பிரகடனம் செய்யப்பட்டது. எதிர்க்கட்சித் தலைவர்கள் சிறைசென்றனர். பத்திரிகைகளுக்குத் தணிக்கை வந்தது. பல்கிவாலா பிரதமரின் வழக்கை நடத்த மறுத்து விலகிக்கொண்டார். முழுத் தடை கொடுத்திருந்தால் அவ்விருள் வந்திராது என்று சிலர் கூறினர். தடையை அறவே மறுத்திருந்தால் அம்மையார் பதவி துறந்திருப்பார் என்று வேறு சிலர் கூறினர். இவ்விரு கூற்றும் நீதிபதியிடம் அரசியல் ஆரூடத்தை எதிர்பார்ப்பவை. தீர்ப்பினால் எவர் பதவியிழப்பர், எவர் சினங்கொள்வர் என்று கணக்கிட்டு எழுதுபவர் தீர்ப்பெழுதுபவரல்லர். முன்னாள் அரசியல்வாதியான கிருஷ்ணையருக்கு அக்கணக்கு மற்றெவரையும்விட நன்றாகத் தெரிந்திருக்கும். தெரிந்தும் அதனை அவர் பயன்படுத்தவில்லை.

அரசியலில் அவர் காட்டிய நடுநிலை இது. சிறைக்கைதியின் வழக்கிலே அவருடைய பழைய சார்பு எவ்வாறு வேலைசெய்தது என்பதை இனிக் காண்போம்.

டில்லியின் தீகார்ச் சிறையில் மரணதண்டனை விதிக்கப்பட்ட சுனில் பத்ரா என்பவர் தனிமைச் சிறையில் வைக்கப்பட்டிருந்தார். மற்றொரு கைதியின் கால்களில் இரும்புத் தளை, இரவும் பகலும் கழற்றப்படாமல், இரண்டாண்டளவாக மாட்டப்பட்டிருந்தது. 1894ஆம் ஆண்டுப் பிரித்தானியச் சட்டமே இவற்றுக்கு ஆதாரமாய்க் காட்டப்பட்டது. 1978இல் ஐவர் கொண்ட ஆயம் இவ்வழக்கை விசாரித்தது. தண்டனை பெற்றவன் சிறைவாசலைக் கடக்கும்போது அடிப்படை உரிமைகளை வாசலிலே கழற்றி வைத்துவிட்டுப் போவதில்லை என்ற கருத்தைக் கிருஷ்ணையர் தம் தீர்ப்பில் விரித்துரைத்தார். நீதிமன்றம் விதித்த தண்டனை சுதந்திரத்தைப் பறிப்பது மட்டுமே. அதற்குமேல் அடியும் விலங்கும் தனிமையும் சிறையதிகாரி தாமாகச் சேர்க்கும் தண்டனைகளாகும்.

அதே பத்ரா அடுத்த ஆண்டிலே நீதியரசர் ஒருவருக்கு ஒரு கடிதம் எழுதினார். அது தம்மைப் பற்றியதன்று. சக கைதி ஒருவனை, அவனைப் பார்க்கவரும் உறவினரிடமிருந்து பணம் பறிப்பதற்காக, சிறைக்காவலன் ஒருவன் கொடுமையாக வதைத்தான் என்பதே முறைப்பாடு. முத்திரைக் கட்டணமில்லை, சத்தியக் கடதாசியில்லை, வழக்கறிஞரில்லை. அக்கடிதத்தையே ஆட்கொணர்வு மனுவாக ஏற்றது நீதிமன்றம். வழக்கறிஞரை நியமித்துச் சிறைக்குள் அனுப்பி உண்மையை அறிந்தது. 1979 டிசம்பர் 20ஆம் நாள் வந்த தீர்ப்பிலே கிருஷ்ணையர் இட்ட கட்டளைகள் மிக எளிமையானவை. சிறைகளில் முறைப்பாட்டுப் பெட்டிகள் வைத்தல் வேண்டும். கைதி எவனும் தடையின்றி அவற்றிற் கடிதம் இடலாம். மாவட்ட நீதிபதிகள் காலந்தோறும் சிறைக்குச் சென்று கைதிகளை நேரிற் கண்டு கேட்டல் வேண்டும். கைதிகளுக்குரிய உரிமைகள் இவை என்று அவர்களுக்கு அறிவித்தல் வேண்டும். முப்பது ஆண்டுகளுக்கு முன் மறியலிலே ஒரு மாதம் இருந்தவருக்கன்றி, ஒரு மரப்பெட்டியின் பயனை இவ்வளவு துல்லியமாய் எண்ணிப்பார்க்க மற்றெவருக்குத் தோன்றும்?

மறுவருடம் ஒரு கைதி தந்தியடித்தார். நீதிமன்றத்துக்குக் கொண்டுசெல்லும் வழியெல்லாம் கைவிலங்கு பூட்டுகிறார்கள் என்பது அதன் செய்தி. அக்காலத்து விதிகளின்படி உயர்வகுப்புக் கைதிக்கு விலங்கு வழக்கமில்லை. சாதாரண கைதிக்கு உண்டு. செல்வமும் கல்வியும் உடையவன் தப்பியோடமாட்டான், ஏழை மட்டுமே தப்பியோடுவான் என்று எச்சாத்திரம் கூறுகிறது? அவ்வேறுபாட்டைக் கிருஷ்ணையர் செல்லாததாக்கினார். தப்பியோடுவான் என்பதற்குத் தக்க காரணமிருந்தாலன்றி விலங்கு பூட்டலாகாது என்றார்.

சிறைவாசலிலே சாப்பாட்டுப் பொதியுடன் காத்துநின்ற தாய்மாரைப் பற்றி இக்குடாநாட்டு நேயர்களுக்கு எவரும் எடுத்துரைக்க வேண்டியதில்லை. பத்ராவின் கடிதம் தீர்ப்பாக மாறிய அதே 1979இலேதான் இலங்கையிற் பயங்கரவாதத் தடைச் சட்டம் நிறைவேறியது. 1983 யூலையில் வெலிக்கடைச் சிறைக்குள் ஐம்பத்துமூன்று தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். கைதியின் உயிருக்கு அரசே பொறுப்பு என்ற கிருஷ்ணையரின் வாதம் சட்ட மாணவருக்குரிய தத்துவமாக மட்டும் இங்கே ஒலிப்பதில்லை.

பிணை பற்றிய அவருடைய தீர்ப்புகளும் இதே ஊற்றிலிருந்து பிறந்தவை. 1978இல் வந்த வழக்கொன்றிலே மத்தியப் பிரதேசத்து ஏழை மேசன் ஒருவருக்கு உச்ச நீதிமன்றமே பிணை வழங்கியிருந்தது. கீழ் நீதிமன்ற நீதவான் பத்தாயிரம் ரூபாய்க்குப் பிணையாளி கேட்டார். மேசனின் சகோதரர் முன்வந்தார். அவரும் அவருடைய உடைமையும் வேறு மாவட்டத்திலுள்ளன என்று சொல்லி அதையும் நீதவான் மறுத்தார். பிணை கிடைத்தும் மனிதர் உள்ளேயே கிடந்தார். கூலிவேலை செய்பவன் பத்தாயிரத்துக்கு எங்கே போவான்? ஆயிரம் ரூபாய்க்கு அவருடைய சொந்தப் பிணைமுறியையே ஏற்று விடுதலை செய்யும்படி கிருஷ்ணையர் கட்டளையிட்டார். ஒரே நாட்டுக்குள் அடுத்த மாவட்டத்தானை அந்நியனாக நடத்துவது பற்றியும் கடிந்துரைத்தார். பிணை வழங்குதலே விதி, மறியலில் வைத்தல் விலக்கு என்று 1977இலே அவர் நிறுவிய நெறி இன்றும் இந்திய மன்றுகளில் எடுத்தாளப்படுகிறது. இலங்கையில் 1997ஆம் ஆண்டுப் பிணைச் சட்டமும் அத்தகைய நெறியையே முன்வைத்தது. ஆயினும் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின்கீழ் வருவோரை அது தன் எல்லைக்குப் புறத்தே நிறுத்தியது.

கடன் தீர்க்க இயலாதவனைச் சிறையிலிடுதல் பற்றி 1980இல் அவர் எழுதிய தீர்ப்பும் குறிப்பிடத்தக்கது. கொச்சியிலுள்ள வங்கி ஒன்றுக்குக் கடன்பட்டோர் வழக்கு அது. கையிற் பணமிருந்தும் வஞ்சனையாகக் கொடாதிருப்பவன் வேறு. உண்மையில் இல்லாதவன் வேறு. இல்லாமை குற்றமாகாது என்பதற்கு அவர் ஐக்கிய நாடுகளின் உடன்படிக்கையையும் துணைக்கழைத்தார். விளைச்சல் பொய்த்தால் அடைவுகடைக்கு ஓடும் தோட்டக்காரருக்கு இத்தீர்ப்பு எளிதில் விளங்கும்.

அரசாங்க ஊழியத்திலுள்ள பெண்கள் சி. பி. முத்தம்மாவின் வழக்கை அறிதல் நன்று. சென்னையிற் கல்விகற்ற குடகு நாட்டவரான அவரே இந்திய வெளிநாட்டுச் சேவையிற் சேர்ந்த முதற்பெண். அச்சேவையிலே பெண்ணொருத்தி மணஞ்செய்ய அரசின் அனுமதி பெறவேண்டும் என்றும், இல்லறக் கடமைகள் பணிக்கு இடையூறாயின் அவளை விலக்கலாம் என்றும் விதியிருந்தது. ஆணுக்கு இல்லறமே இல்லைபோலும்! வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அரசு அவருக்குப் பதவி உயர்வைக் கொடுத்துவிட்டது. ஆதலால் மனு தள்ளப்பட்டது. ஆனால் அவ்விதிகளிலுள்ள ஆணாதிக்கத்தை நீதியரசர் சாடிய சாட்டம் 1979இலிருந்து இன்றுவரை மேற்கோளாகி வருகிறது.

இவையனைத்திலும் திருநெல்வேலியின் அன்றாட வாழ்வுக்கு மிக அண்மையில் நிற்பது இரத்லாம் நகரசபை வழக்கு. மத்தியப் பிரதேசத்து அந்நகரின் ஒரு பகுதியில் திறந்த வடிகான்களின் நாற்றமும், ஆலைக் கழிவும், மலமும் தெருவில் ஓடின. குடியிருப்பாளர் நீதவானிடம் சென்றனர். வடிகான் அமைக்கும்படி அவர் கட்டளையிட்டார். நகரசபையோ நிதியில்லை என்று உச்ச நீதிமன்றம் வரை வழக்காடியது. வழக்காடுவதற்கு மட்டும் நிதியிருந்தது. மக்களுடைய சுகாதாரத்தைப் பேணுதல் சபையின் முதற்கடன், பணமில்லை என்னும் சாட்டு அக்கடனிலிருந்து விடுவிக்காது என்று 1980 யூலையிற் கிருஷ்ணையர் தீர்த்தார். குடாநாட்டில் வற்றாத ஆறுகள் இல்லை. சுண்ணக்கல்லின் ஊடே தங்கிய நீரையே கிணறுகள் தருகின்றன. மலக்குழியும் உரமும் அந்நீரையே சென்றடைகின்றன. திருநெல்வேலிக்கு வடக்கே சுன்னாகத்தில் மின்நிலையத்துக் கழிவெண்ணெய் கிணறுகளிற் கலந்தமை பற்றிய வழக்கிலே, 2019இல் இலங்கை உயர் நீதிமன்றம் மக்களுக்கு இழப்பீடு வழங்கும்படி கட்டளையிட்டபோது, கிணற்று நீரும் நீதிமன்றத்தின் கவலைக்குரியதே என்பது இங்கும் உறுதியாயிற்று.

மரணதண்டனைக்கு அவர் பகைவர். 1974இலே, கொலைக்குற்றவாளியான ஓர் இளம் பெண்ணின் தூக்குத்தண்டனையை, அவளுடைய வயதையும், கணவன் வீட்டிலிருந்து துரத்தப்பட்டுக் குழந்தையுடன் வாழ்ந்த நிலையையும் எண்ணி ஆயுட்சிறையாகக் குறைத்தார். 1979இல், சமூகத்துக்குத் தொடர்ந்து பேராபத்து விளைவிப்போரைத் தவிர எவரையும் தூக்கிலிடலாகாது என்ற அளவுக்குச் சென்றார். அடுத்த ஆண்டே பச்சன் சிங் வழக்கிற் பெரும்பான்மை நீதியரசர் அந்நிலைப்பாட்டை ஏற்கவில்லை. அரிதினும் அரிதான வழக்குகளிலே தூக்கு நிலைத்தது.

குறைகளையும் சொல்லுதல் முறை. அவருடைய ஆங்கில நடை கரடுமுரடானது. அகராதியிலில்லாத சொற்களைத் தாமே படைப்பார். ஒரே வாக்கியத்தில் வேதமும் மார்க்சும் வந்து முட்டிக்கொள்ளும். ஏழைக்காக எழுதிய தீர்ப்பை ஏழையின் வழக்கறிஞனே மும்முறை வாசித்தாலன்றி விளங்கிக்கொள்ள இயலாது. வீட்டிலே தமிழும், ஊரிலே மலையாளமும் பேசிய ஒருவர் ஆங்கிலத்தோடு ஏன் இவ்வளவு மல்லுக்கட்டினார் என்று எண்ணத் தோன்றுகிறது. மருத்துவமனைகளையும் கல்விநிலையங்களையுங்கூடத் தொழில் என்ற வரையறைக்குள் அடக்கிய 1978ஆம் ஆண்டுப் பெங்களூர் நீர்வழங்கற் சபைத் தீர்ப்பு தொழிலாளருக்குப் பேருதவியாயினும், வரையறை எல்லை மீறிற்றென்ற குறை நெடுநாள் நீடித்தது. அதனை மீளாய்வு செய்தல் வேண்டும் என்று பிற்கால ஆயங்களே கூறின.

1974இலே மனைவியார் சாரதா அம்மையார் காலமானது அவரைப் பெரிதும் உலுக்கியது. மார்க்சியச் சார்புடையவராய் அறியப்பட்டவர் மரணத்துக்கு அப்பாலுள்ளதைப் பற்றி ஆராயவும் எழுதவும் தலைப்பட்டார். நண்பர் சிலர் முகஞ்சுளித்தனர், அவர் பொருட்படுத்தவில்லை.

1980 நவம்பரில் ஓய்வுபெற்றபின் எர்ணாகுளத்திலே சத்கமய என்னும் இல்லத்தில் வாழ்ந்தார். 1987இல் இடதுசாரிகளும் பிற எதிர்க்கட்சியினரும் அவரைக் குடியரசுத் தலைவர் தேர்தலில் நிறுத்தினர். எதிரே நின்றவர் தஞ்சை மாவட்டத்து ஆர். வெங்கட்ராமன். விந்தையான போட்டி! இருவரும் தமிழை வீட்டுமொழியாகக் கொண்டவர். இருவரும் சென்னையிற் சட்டம் பயின்று தொழிலாளருக்காக வழக்காடியவர். இருவரும் சிறை கண்டவர். வெங்கட்ராமன் பெருவாரியான வாக்குகளால் வென்றார். அம்மாத இறுதியிலேதான் இந்திய இலங்கை ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று.

2002இற் குஜராத்தில் நடந்த படுகொலைகளை ஆராய்ந்த மக்கள் நீதிமன்றத்துக்குத் தலைமை தாங்கி, அம்மாநில அரசை வன்மையாகக் கண்டித்தார். அவரே 2013இல் நரேந்திர மோடி பிரதமராவதை ஆதரித்து எழுதியபோது, அவருடைய அன்பர்கள் திகைத்தனர். அத்திகைப்பு நியாயமானதே, இரண்டையும் பொருத்திக் காட்ட எவராலும் இயலவில்லை.

ஆயினும் கைதிகளின் கடிதங்கள் எர்ணாகுளத்து இல்லத்துக்கு இறுதிவரை வந்துகொண்டிருந்தன. ராஜீவ் காந்தி கொலைவழக்கிலே தூக்குத்தண்டனை பெற்றிருந்த பேரறிவாளனின் தாயார் அற்புதம்மாள் அவரை நாடினார். தொண்ணூற்றைந்து வயதைக் கடந்த முதியவர் குடியரசுத் தலைவருக்கும் தமிழ்நாட்டுத் தலைவர்களுக்கும் உயிர்ப்பிச்சை கேட்டு எழுதினார். 2014 பெப்ரவரி 18ஆம் நாள், கருணை மனுக்களைத் தீர்மானிப்பதிலே நேர்ந்த நீண்ட தாமதத்தைக் காரணமாக்கி, உச்ச நீதிமன்றம் அம்மூவரின் தூக்கை ஆயுட்சிறையாகக் குறைத்தது. அச்செய்தியை அவர் கேட்டார். அதே ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள் கொச்சியிற் காலமானார். பேரறிவாளன் விடுதலையாகி வீடு திரும்பியது 2022 மே மாதத்தில்.